மூத்த மகனின் எதிருரை

எரியாபு முகலுலா. வெட்டுக்கிளிக் குலம், கிஜாபாலிக் கிளை. பிறப்பு 1949. தந்தை ஸகாலியா, அவருடைய எட்டுப் பிள்ளைகளில் இவர் மூத்தவர். மனைவி தெயோபிஸ்தா. தொழில் காப்பித் தோட்டம். ஊரில் சாவு விழுந்தால் பந்தல் போடுபவரும் இவரே. 2004 அக்டோபரில் இவர்மீது நில வழக்கு தொடரப்பட்டது. எதிருரை குறித்த காலத்தில் தாக்கல் செய்யப்படவில்லை. தாமதத்தைப் பொறுத்தருள வேண்டிய மனு 2005 பிப்ரவரியில் தள்ளுபடியானது. இறப்பு 2016.

நான் எழுதிவரும் எங்கள் கிளையின் பதிவேட்டில் ஓர் ஆளுக்கு இவ்வளவுதான் இடம். பெரும்பாலோருக்கு இது போதும். இவருக்குப் போதாது என்று எனக்குப் பல காலமாகத் தோன்றிவந்ததால், தனித்தாளில் இதை எழுதி அவருடைய பக்கத்தோடு சேர்த்துத் தைக்கிறேன். நான் உடனிருந்து கண்டதையும், உடனிருந்தவர்களிடம் கேட்டு ஒப்பிட்டுப் பார்த்ததையும் தவிர வேறு எதையும் இதில் சேர்க்கவில்லை.

கிஜாபாலி நிலத்தைப் பற்றி முதலில் சொல்ல வேண்டும். ஸகாலியாவின் தந்தை 1931இல் அன்றைய நிலக்கிழாரிடம் கேட்டுப் பெற்றுக் குடியேறிய மண் அது. பட்டா கிழாருடையது, குடியிருப்பும் காப்பிச் செடிகளும் கல்லறைகளும் எங்களுடையவை. ஆண்டுதோறும் நிலவாரம் செலுத்தியதற்கான சீட்டுகள் இன்றும் இருக்கின்றன. கிழாரின் பேரன் பட்டாவை லுபுல்வா என்ற நகரத்து வியாபாரிக்கு விற்றார். லுபுல்வா எங்களை அத்துமீறிக் குடியேறியவர்கள் என்று வழக்குப் போட்டார். ஸகாலியா அப்போது படுக்கையில் இருந்ததால், அங்கே குடியிருந்து பயிர் செய்பவர் என்று எரியாபுவின் பெயரையே பிரதிவாதியாக எழுதினார்கள். அத்தனை காலம் நிலவாரம் செலுத்திக் குடியிருந்தவர்களை அப்படி வெளியேற்ற நாட்டின் சட்டம் இடம் கொடுப்பதில்லை. ஆனால் அதை நீதிமன்றத்தில் சொல்ல ஒருவர் போக வேண்டும்; எழுத்தில் சொல்ல வேண்டும்.

வழக்குப் பதிவான நேரத்தில் ஸகாலியா இறந்துபோனார். மரவுரியில் சுற்றி, காப்பிச் செடிகளுக்கு நடுவே, அவருடைய தந்தைக்குப் பக்கத்தில் புதைத்தோம். மூன்றாவது வாரமும் தூரத்து உறவினர் வந்துகொண்டிருந்தார்கள். மழை இறங்கிவிட்டதால் பந்தலின் ஒரு பக்கம் சரிந்திருந்தது. எரியாபு மேலே ஏறி வாழைநாரால் கழியை இழுத்துக் கட்டிக்கொண்டிருந்தபோது, அத்ரிக்கோ என்ற நீதிமன்ற அமீனா மிதிவண்டியைத் தள்ளிக்கொண்டு வாசலுக்கு வந்தார். வடமேற்கிலிருந்து வந்து இங்கே வேலை பார்க்கும் மனிதர். எங்கள் மொழியைத் தட்டுத்தடுமாறிப் பேசுவார்.

முதலில் அவரை மறித்தவன் எரியாபுவின் தங்கை மகன் ஸிமேயோ. சாவு வீட்டில் சகோதரியின் மகன் என்ன பேசினாலும், கறிச்சட்டியைத் தூக்கிக்கொண்டு ஓடினாலும், தாய்மாமன்மார் கோபிக்கக் கூடாது என்பது எங்கள் வழக்கம். அந்த உரிமையை ஸிமேயோ வீணாக்கியதே இல்லை.

"யாருய்யா அது, சாவு வீட்டுக்குக் காகிதத்தோட வர்றது? மத்தவங்க மரவுரி கொண்டு வர்றாங்க. நீரு என்ன, போர்த்திவிடக் காகிதம் கொண்டாந்தீரா?"

"கோர்ட்டுல இருந்து வர்றேன், தம்பி. எரியாபு முகலுலாவைப் பாக்கணும்."

"பாக்கணும்னா அண்ணாந்து பாரும். பந்தல்ல தொங்குதே ஒரு கெழட்டுக் கொரங்கு, அதான்."

"மருமகனே," என்று மேலிருந்து குரல் வந்தது, "துக்கம் முடியட்டும். உன் பல்லை எண்ணி உன் கையில குடுக்கறேன்."

எரியாபு இறங்கி வந்து, கையைக் கழுவி, வந்தவரின் வீட்டு நலமெல்லாம் முறையாக விசாரித்த பிறகே காகிதத்தைக் கையில் வாங்கினார். பெற்றுக்கொண்டதாக அத்ரிக்கோ காட்டிய இடத்தில் கையெழுத்தும் போட்டார்.

"பதினஞ்சு நாளுக்குள்ள எழுத்துல பதில் குடுத்துரணும், ஐயா. இல்லேன்னா உங்களைக் கேக்காமலே தீர்ப்புச் சொல்லிருவாங்க."

"சரிங்க. இப்ப உக்காருங்க, சாப்பிடலாம்."

"வேண்டாங்க, வேலையா வந்தேன்."

"சாவு வீட்டுல இருந்து வெறும் வயித்தோட போனா செத்தவருக்கு அவமானம். உக்காருங்க."

வாழையிலைப் பொதியை அவரே பிரித்து மட்டோக்கே என்ற அவித்த வாழைக்காய் மசியலை வைத்தார். நிலக்கடலைக் குழம்பை அவரே ஊற்றினார். அமீனா பசியோடுதான் வந்திருந்தார். இரண்டாம் முறையும் வாங்கிச் சாப்பிட்டார்.

"வேற வீடுகள்ல சம்மன் கொண்டு போனா நாயை அவுத்து விடுவாங்க, ஐயா," என்றார்.

"எங்க நாய்க்கும் துக்கம்," என்றான் ஸிமேயோ. "அதான் உம்மைக் கடிக்காமப் படுத்திருக்கு."

அவர் போனபின் ஃபெரெதீனா அத்தை பாயிலிருந்து எழுந்து வந்தார். ஸகாலியாவின் தங்கை, அண்ணன் போனபின் வீட்டின் பேச்சு அவரிடம்தான் இருந்தது.

"என்னடா அது காகிதம்?"

"நிலம் யாருதுன்னு கேக்கறாங்க, அத்தை."

"நீ என்ன சொல்லப் போற?"

"நம்மளுதுன்னு."

"நம்மளுதுன்னா யாருது? யாரு பேரைச் சொல்லுவ? உங்கப்பன் குழி மண்ணு இன்னும் இறுகல. அவன் எடத்துல இன்னும் யாரும் உக்காரல. அதுக்குள்ள மூத்தவன் ஓடிப்போய் என் நிலம்னு கையெழுத்துப் போட்டா ஊரு என்ன பேசும்? கெழவன் எப்படா போவான்னு காத்திருந்தான்னு பேசாது?"

"தேதி குறிச்சிருக்காங்க, அத்தை."

"சாவு முடிப்பு நடக்கட்டும். வாரிசு உக்காரட்டும். அவன் போய்ப் பேசுவான். நீ எதுக்கு?"

எங்களில் மூத்த மகன் தந்தையின் இடத்தில் அமர்வதில்லை. தம்பிகளில் ஒருவனையே குலத்தார் தேர்ந்தெடுப்பார்கள். அவனை அமர்த்தி வைத்துக் காப்பவனே மூத்தவன். சாவை முடிக்கும் விருந்தன்று வாரிசின் தோளில் மரவுரி ஏறும்வரை இறந்தவரின் சொத்தைப் பற்றி யாரும் வாய் திறப்பதில்லை. இந்த ஒழுங்கை எரியாபு எத்தனையோ வீடுகளில் பந்தலடியில் நின்று காத்தவர். தன் வீட்டில் அதை அவர் மீறுவார் என்று யாரும் எதிர்பார்க்கவில்லை. அவரும் மீறவில்லை. விருந்து இரண்டு வாரத்தில் நடந்துவிடும் என்று நம்பி, சம்மனைக் கூரைச் சட்டத்தில் செருகி வைத்தார்.

விருந்து நடக்கவில்லை. அத்தை, ஸகாலியாவின் இரண்டாம் தாரத்து மகன் லமேக்காவை வாரிசாக்க வேண்டும் என்றார். லமேக்கா பள்ளி ஆசிரியர், அமைதியானவர், குடிக்காதவர். ஸகாலியாவின் தம்பிமார் எரியாபுவின் உடன்பிறந்த தம்பி யொனஸானியின் பக்கம் நின்றார்கள். கூட்டம் இருமுறை கூடி இருமுறையும் கலைந்தது. இரண்டாம் கூட்டத்தில் ஒரு சித்தப்பா, லமேக்கா ஸகாலியாவின் மகனே அல்ல என்று சொல்லிவிட்டார். லமேக்காவின் தாய் கதவருகே முழந்தாளிட்டு அமர்ந்து, தேநீர் ஊற்றிக்கொண்டிருந்த நேரம் அது. அவர் ஊற்றுவதை நிறுத்தவில்லை. குவளை நிரம்பித் தரையில் வழிந்தது.

அந்தக் கூட்டத்தில் எரியாபு ஒரே ஒரு முறை பேசினார்.

"பெரியவங்க சீக்கிரம் முடிவு பண்ணுங்க. கோர்ட்டுக் காகிதம் கெடக்கு, நாள் போகுது."

"பாத்தியா மூத்தவனுக்கு இருக்கற அவசரத்தை!" என்றார் அதே சித்தப்பா. சிலர் சிரித்தார்கள். கெடு அந்த வாரத்தோடு முடிந்தது.

டிசம்பர் தொடக்கத்தில்தான் சாவு முடிப்பு நடந்தது. கடைசியில் அத்தையே வென்றார். லமேக்காவை வாசலில் நிறுத்தி, மரவுரியைத் தோளில் முடிந்து, கையில் ஈட்டியைக் கொடுத்தார்கள். அந்தக் கணத்திலிருந்து அவர் எங்கள் எல்லோருக்கும் ஸகாலியாதான். உடன்பிறந்தோர் அவரை அப்பா என்றே அழைக்க வேண்டும். முதலில் முன்வந்து வணங்கியவர் எரியாபு.

"வாங்க, அப்பா," என்றார்.

"அய்யோ, எங்க மாமனைப் பாருங்கய்யா!" என்று கத்தினான் ஸிமேயோ. "தலை நரைச்சப்புறம் புதுசா ஒரு அப்பன் பொறந்திருக்கான். மீசைகூட சரியா மொளைக்கல அப்பனுக்கு!"

எல்லோரும் சிரித்தார்கள். லமேக்காவும் சிரித்தார். அவர்கள் இருவரையும் சேர்ந்து சிரிக்க நான் கண்டது அன்றுதான் கடைசி.

அந்த வாரமே இருவரும் வக்கீல் ஸெக்கித்தோவின் அலுவலகத்துக்குப் போனார்கள். எழுத்து வேலைக்காக நானும் உடன் போனேன். வெட்டுக்கிளிப் பருவம், வக்கீலின் மேசையில் வறுத்த வெட்டுக்கிளி ஒரு தட்டு நிறைய இருந்தது. தட்டை எங்கள் பக்கம் தள்ளினார்.

"எடுத்துக்குங்க, சூடா இருக்கு."

"சொந்தக்காரங்களை நாங்க திங்கறதில்லீங்க, ஐயா," என்றார் எரியாபு.

"அடடா, முகலுலா! வெட்டுக்கிளிக் குலம்னு பேரைக் கேட்டப்பவே தெரிஞ்சிருக்கணும்." தட்டை இழுப்பறைக்குள் வைத்துவிட்டு அவர் விஷயத்துக்கு வந்தார். "பாருங்க, நிலத்துல உங்க கட்சி பலமா இருக்கு. சீட்டெல்லாம் சரியா இருக்கு. எதிருரை உள்ள போனா பாதிக் கவலை விட்டுச்சு. ஆனா கெடு தாண்டிப் போச்சு. கோர்ட்டு தாமதத்தை மன்னிக்கும், மன்னிக்காதுன்னு இல்ல. ஏன் வரலைங்கறதுக்குத் தக்க காரணம் கேக்கும். என்ன காரணம்?"

எரியாபு உள்ளது உள்ளபடி சொன்னார். வக்கீல் எழுதாமல் கேட்டுக்கொண்டிருந்தார்.

"சாவுன்னு சொன்னா, பொதைச்சு மூணு வாரம் கழிச்சுத்தானே சம்மன் வந்துச்சும்பாங்க. வாரிசு உக்காரலைன்னு சொன்னா, ஏன் உக்காரலைம்பாங்க. அப்புறம் கூட்டத்துல யாரு யாரை என்ன சொன்னாங்கன்னு வரைக்கும் சத்தியப் பத்திரத்துல வரணும். எழுதலாம், எனக்கு ஒண்ணுமில்ல. இல்லேன்னா காய்ச்சல்னு போடலாம். மலேரியா வராத ஆளு இந்த நாட்டுல யாரு? மருத்துவச் சீட்டுக்கு வழி இருக்கு."

"எனக்குக் காய்ச்சல் வரலீங்களே."

"வந்துச்சுன்னு வெச்சுக்கங்க."

எரியாபு தலையை ஆட்டினார். "சாவு வீட்டுலதான் இருந்தேன், ஐயா. அதையே எழுதுங்க. வெக்கப்பட என்ன இருக்கு?"

அப்போது லமேக்கா பேசினார். குரல் மிகத் தாழ்ந்திருந்தது. "அம்மாவைப் பத்திச் சித்தப்பா சொன்னதையும் எழுதுவாங்களா?"

"எதிர்க்கட்சி வக்கீல் கேப்பார்," என்றார் ஸெக்கித்தோ. "நீங்க வாரிசான்னே கேப்பார். நானா இருந்தாலும் கேப்பேன்."

"அப்ப வேண்டாம். கோர்ட்டுல, அத்தனை பேரு முன்னால, எங்க அம்மா... காய்ச்சல்னே போடச் சொல்லுங்க."

எரியாபு தம்பியை வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தார். அவருடைய பார்வையில் கோபம் இருந்ததாக நான் சொல்ல மாட்டேன்.

"நீங்க சொன்னா சரி, அப்பா," என்று சொல்லிவிட்டு, காய்ச்சல் என்று வக்கீல் எழுதிய சத்தியப் பத்திரத்தை இழுத்துக் கையெழுத்துப் போட்டார்.

பிப்ரவரியில் மனு விசாரணைக்கு வந்தது. நீதிபதி ஒரு பெண்மணி. நிதானமாகக் கேட்பவர் என்று பெயர் பெற்றவர். எதிர்த்தரப்பு வக்கீல் வாதிடுவதற்கு முன் அமீனா அத்ரிக்கோவைச் சாட்சிக் கூண்டுக்கு அழைத்தார். சம்மன் கொடுத்த அன்று பிரதிவாதி எப்படி இருந்தார் என்று கேட்டார்.

அத்ரிக்கோ எரியாபுவைப் பார்த்துப் புன்னகைத்தார். உதவி செய்வதாகவே அவர் நினைத்திருக்க வேண்டும்.

"நல்லா இருந்தாருங்க, அம்மா. பந்தல் மேல ஏறிக் கழி கட்டிக்கிட்டு இருந்தாரு. எறங்கி வந்து எனக்கு அவர் கையாலயே சாப்பாடு போட்டாரு. ரெண்டாவது தடவையும் போட்டாரு. நல்ல மனுஷருங்க."

"படுத்த படுக்கையா இல்லையா?"

"இல்லீங்களே. அடுத்த வாரம் வேற வீட்டுக்கு சம்மன் கொண்டு போறப்பவும் அவரை வழியில பாத்தேன். தோள்ல மூங்கில் தூக்கிக்கிட்டுப் போனாரு. பேசிக்கிட்டுதான் போனோம்."

எதிர்த்தரப்பு வக்கீல் மருத்துவச் சீட்டை உயர்த்திக் காட்டிவிட்டு அமர்ந்தார். மேற்கொண்டு பேச அவருக்குத் தேவை இருக்கவில்லை. நீதிபதியோ சட்டென்று முடித்துவிடவில்லை. கண்ணாடியைக் கழற்றி வைத்துவிட்டு எரியாபுவை நேராகப் பார்த்தார்.

"சாவு வீடுன்னு அமீனா சொல்றார். உங்க சத்தியப் பத்திரத்துல சாவைப் பத்தி ஒரு வரிகூடக் காணோமே. யாரு தவறிப் போனது?"

"எங்க அப்பாதாங்கம்மா."

"அதனாலதான் நீங்க வரலையா? நல்லா யோசிச்சுச் சொல்லுங்க."

எரியாபு திரும்பி மூன்றாவது பெஞ்சைப் பார்த்தார். லமேக்கா குனிந்து தன் செருப்பைப் பார்த்துக்கொண்டிருந்தார். அவர் நிமிர்ந்து, ஒரு தலையசைப்பு மட்டும் தந்திருந்தால் போதும் என்று அன்றும் நினைத்தேன், இன்றும் நினைக்கிறேன். அவர் நிமிரவில்லை. லமேக்காவின் பக்கத்தில் அவருடைய தாய் அமர்ந்திருந்தார்.

"இல்லீங்கம்மா," என்றார் எரியாபு. "காய்ச்சல்தான்."

தீர்ப்பின் நகலை இத்துடன் இணைத்திருக்கிறேன். அதன் சாரம் இதுதான்: தாமதத்தைப் பொறுத்தருளும் அதிகாரம் இந்த நீதிமன்றத்துக்கு உண்டு, துக்கம் தக்க காரணமாக ஏற்கப்படக் கூடியதே. ஆனால் துக்கமே காரணம் என்று இந்த நீதிமன்றத்திடம் யாரும் சொல்லவில்லை. சொல்லப்பட்ட காரணம் உண்மையல்ல. கட்சிக்காரர் சொல்லாத காரணத்தை நீதிமன்றம் தானே உண்டாக்கிக் கொடுக்க இயலாது.

எதிருரை ஏற்கப்படாததால் வழக்கு ஒருதலையாகக் கேட்கப்பட்டது. நிலவாரச் சீட்டுகளை யாரும் பார்க்கவில்லை. மேல்முறையீட்டுக்குப் போனால் பொய்ச் சத்தியம் செய்த பேச்சு முதலில் எழும் என்று ஸெக்கித்தோ சொன்னார். லமேக்கா வேண்டாம் என்று சொல்லிவிட்டார். ஆகஸ்டில் நாங்கள் வெளியேறினோம். அந்தப் பருவத்துக் காப்பியைப் பறித்துக்கொள்ள லுபுல்வா அனுமதித்தார். கல்லறைகளை அவர் தொடவில்லை. அவரைப் பற்றி இதற்கு மேல் எழுத எனக்கு ஒன்றும் இல்லை.

உண்மைகள் இவ்வளவு. இனி எழுதுவது என் கருத்து. வருங்காலத்தில் இந்தத் தாளைப் பார்ப்பவர் மறுக்கலாம். எங்கள் வழக்கத்தில் பிழை இருப்பதாக நான் எண்ணவில்லை. தந்தையின் இடத்தில் பாய்ந்து அமராதவன் நல்ல மூத்த மகன். எரியாபு அப்படியே இருந்தார். நீதிபதியிடமும் பிழை காண முடியவில்லை. அவர் கதவைத் திறந்து வைத்துக்கொண்டு காத்திருந்தார். லமேக்காவைக் கடிந்துகொள்ளவும் என்னால் இயலவில்லை, ஏனெனில் வழிந்த அந்தத் தேநீரை நானும் பார்த்தேன். நிலம் எங்களுடையது என்று சொல்வதற்குத்தான் வாரிசு வேண்டும். வீட்டில் சாவு, சற்றுப் பொறுங்கள் என்று சொல்ல யார் வேண்டுமானாலும் போயிருக்கலாம். எங்கள் வீட்டில் அத்தனை பேர் இருந்தும், இந்த இரண்டுக்கும் உள்ள வேறுபாடு அந்தப் பதினைந்து நாளில் ஒருவருக்கும் தோன்றவில்லை.

எரியாபுவுக்குப் பிற்பாடு தோன்றியது. கடைத்தெருவில் சோளமாவு ஆலைக்குப் பின்னால் ஓர் அறையில் தெயோபிஸ்தாவோடு குடியேறிய பின்னும் அவர் பந்தல் போடுவதை விடவில்லை. சாவு வீட்டுக்குப் போனால் கடைசிக் கழியைக் கட்டி முடித்ததும், அந்த வீட்டின் மூத்த மகனைத் தனியே அழைத்துக் கேட்பார்:

"கோர்ட்டுக் காகிதம் ஏதாவது வந்திருக்கா?"

"இல்லீங்களே, ஐயா. ஏன்?"

"வந்தா உடனே போய், சாவு வீடு, பொறுங்கன்னு சொல்லிட்டு வா. அதுக்கு மரவுரி போர்த்த வேண்டியதில்ல. வாய் இருந்தாப் போதும்."

சிலர் அவரை ஒரு மாதிரியாகப் பார்ப்பார்கள். ஸிமேயோ மட்டும், "எங்க மாமன் பந்தலுக்குக் கூலி வாங்கறதில்ல, புத்திமதி சொல்லித்தான் ஈடு கட்டிக்குவாரு," என்று கேலி செய்வான். எரியாபு அவன் பல்லை எண்ணித் தருவதாக மறுபடியும் மிரட்டுவார்.

அவர் இறப்பதற்கு முந்தைய ஆண்டு லமேக்கா அந்த அறைக்கு வந்தார். நான் அப்போது பிறப்புத் தேதிகளைச் சரிபார்க்கப் போயிருந்தேன். லமேக்காவின் தாய் அதற்குச் சில மாதங்களுக்கு முன்பு காலமாகியிருந்தார். வாரிசு என்ற நிலையை மறந்து, பழையபடி அழைத்தார் லமேக்கா.

"அண்ணா, அன்னிக்கு நான் வேண்டாம்னு சொல்லாம இருந்திருந்தா?"

எரியாபு முறத்திலிருந்த பயறைப் பொறுக்கிக்கொண்டே இருந்தார்.

"அப்பா சொன்னாப் புள்ள கேக்கணும்," என்றார். பிறகு, "நிமிந்து பாத்திருக்கலாம்," என்றார்.

தெயோபிஸ்தா மூவருக்கும் தேநீர் கொண்டுவந்தார். குடித்துவிட்டுக் கிளம்பினோம்.

எரியாபு 2016 மே மாதம் இறந்தார். தந்தைக்குப் பக்கத்தில் இடம் கேட்டு லுபுல்வாவிடம் ஆள் அனுப்ப வேண்டாம் என்று அவரே சொல்லி வைத்திருந்தார். பள்ளிக்குப் பின்னால் லமேக்கா வாங்கியிருந்த துண்டு நிலத்தில் புதைத்தோம். அந்த மண்ணில் அதுவே முதல் கல்லறை. பந்தல் போட்டவன் ஸிமேயோ. அன்று அவன் யாரையும் கேலி செய்யவில்லை.

கிஜாபாலி நிலத்தில் எங்கள் கிளை இருந்த காலம்: 1931 முதல் 2005 வரை. எழுபத்து நான்கு ஆண்டுகள்.